ஆலையைத் தானம் செய்யாத முதலாளி: கொதேனின் கதை

"19ஆம் நூற்றாண்டில் பிரான்சில் ஒரு முதலாளி தன் தொழிற்சாலையை அப்படியே தொழிலாளிகளுக்கு எழுதிக்கொடுத்துவிட்டாராம், நாடாளுமன்ற உறுப்பினராகவும் இருந்தாராம். யார் அவர்? நடந்தது உண்மைதானா? அந்த ஆலை பிறகு என்ன ஆனது?" இதுதான் கேள்வி.

அவர் பெயர் ழான்-பாப்டிஸ்ட் ஆந்த்ரே கொதேன். ஆங்கில உச்சரிப்பில் சிலர் கோடின் என்று எழுதுவார்கள். கேள்விப்பட்டதில் பெரும்பகுதி உண்மை, ஆனால் "எழுதிக்கொடுத்தார்" என்ற சொல் பொருந்தாது. அவர் ஆலையைத் தானமாகக் கொடுக்கவில்லை. தொழிலாளிகள் தங்கள் உழைப்புக்குச் சேர வேண்டிய லாபத்தைக் கொண்டே, ஆலையை அவரிடமிருந்து கொஞ்சம் கொஞ்சமாக வாங்கிக்கொள்ளும்படி ஓர் ஏற்பாடு செய்தார். தானம் என்றால் கொடுப்பவர் மேலே இருப்பார், வாங்குபவர் கீழே இருப்பார். கொதேன் வாழ்நாள் முழுக்க யோசித்தது அந்த மேல் கீழ் இல்லாத ஒரு கணக்கை எப்படிப் போடுவது என்பதைத்தான். அதனால் தொழிலாளிகளுக்காக அவர் கட்டிய குடியிருப்புக் கட்டடத்தைவிட அந்தக் கணக்கைப் பற்றித்தான் எனக்கு அதிகம் சொல்லத் தோன்றுகிறது. ஆனால் கட்டடத்தையும் விட்டுவிட முடியாது.

1817 ஜனவரி 26ஆம் தேதி, வடக்குப் பிரான்சில் எய்ன் மாவட்டத்தில் எஸ்கேயரி என்ற கிராமத்தில் பிறந்தார். அப்பா பூட்டு செய்யும் கொல்லர். ஊர்ப் பள்ளிக்கூடத்தில் 140 பிள்ளைகளை ஒரே அறையில் அடைத்து வைத்திருந்ததையும், உள்ளே மூச்சு முட்டியதையும் அவரே பிற்காலத்தில் எழுதியிருக்கிறார். இந்த 140 பிள்ளைகளை ஞாபகத்தில் வைத்துக்கொள்ளுங்கள். 40 வருஷம் கழித்து அவர் கட்டிய பள்ளிக்கூடத்தையும் குழந்தைகள் காப்பகத்தையும் பார்த்தால், அந்த அறையை அவர் மறக்கவே இல்லை என்பது புரியும்.

11 வயதில் படிப்பு நின்றது, அப்பாவின் பட்டறையில் வேலை தொடங்கியது. பதின்ம வயது முடியும் தறுவாயில் மாமன் மகனோ சிற்றப்பன் மகனோ முறையுள்ள ஓர் உறவுக்காரருடன் ஊர் ஊராக வேலை தேடிக் கிளம்பினார். கைத்தொழில் பழகிய இளைஞர்கள் பிரான்சைச் சுற்றி வந்து, வெவ்வேறு பட்டறைகளில் வேலை செய்து தேர்ச்சி பெறுவது அன்றைய வழக்கம். 1837இல் ஊர் திரும்பியபோது கைவேலை நன்றாகப் படிந்திருந்தது. அதோடு ஒரு கேள்வியும் கூடவே வந்தது. விடியற்காலையிலிருந்து இருட்டும்வரை உழைப்பவனுக்குக் கிடைக்கும் கூலி, அவன் செய்த பொருளின் மதிப்போடு எந்த வகையிலும் பொருந்தவில்லை. வேலைக்கு ஆள் நிறையக் கிடைத்தால் கூலி இறங்குகிறது, ஆள் குறைந்தால் ஏறுகிறது. உழைப்பின் அளவுக்கும் கூலிக்கும் ஒரு நியாயமான கணக்கு ஏன் இல்லை? இந்தக் கேள்விக்கு அவர் பதில் சொல்லி முடிக்க நாற்பது வருஷத்துக்கு மேல் ஆயிற்று.

1840இல் எஸ்தெர் லமேரைத் திருமணம் செய்துகொண்டார், அதே வருஷம் சொந்தப் பட்டறை தொடங்கினார், அதே வருஷம் ஒரு காப்புரிமையும் வாங்கினார். அப்போது வீட்டைச் சூடாக்கும் கணப்பு அடுப்புகளைப் பெரும்பாலும் இரும்புத் தகட்டில் செய்வார்கள். தகடு சீக்கிரம் சூடாகும், சீக்கிரம் ஆறிப்போகும், நாளடைவில் எரிந்து ஓட்டை விழும். கொதேன் தகட்டை விட்டுவிட்டு வார்ப்பிரும்பில் அடுப்பு செய்தார். வார்ப்பிரும்பு கனம், சூட்டைப் பிடித்து வைத்து நிதானமாக வெளியே விடும். இன்னொரு வசதியும் உண்டு. ஒரு அச்சு செய்துவிட்டால், அதில் மணலைக் கெட்டித்து எத்தனை வேண்டுமானாலும் வார்க்கலாம், பூவேலைப்பாடும் அச்சிலேயே வந்துவிடும். அப்புறம் அதற்கு எனாமல் பூச்சு கொடுத்தார். கறுப்பாகப் புகை மண்டிக் கிடந்த பொருள் பச்சை, பழுப்பு, நீலம் என்று பளபளப்போடு கூடத்தின் நடுவில் வைக்கும் பொருளாக மாறியது. பிரான்சில் "கொதேன்" என்றாலே கணப்பு அடுப்பு என்று பொருள்படும் அளவுக்கு அந்தப் பெயர் பொதுப்பெயர் ஆகிவிட்டது.

தொழில் வளர்ந்துகொண்டிருந்த 1842இல்தான் ஓர் உள்ளூர்ப் பத்திரிகையில் ஷார்ல் ஃபூரியேவைப் பற்றிய கட்டுரையைப் படித்தார். ஃபூரியே 1837இலேயே இறந்துவிட்ட சமூகச் சிந்தனையாளர். சுமார் 1,600 பேர் ஒரே பெரிய மாளிகையில் கூடி வாழ்ந்து, சேர்ந்து உழைத்து, கிடைப்பதை உழைப்பு, மூலதனம், திறமை மூன்றுக்கும் பங்கு போட்டுக்கொள்ள வேண்டும் என்பது அவருடைய கனவு. உழைப்புக்குப் 12இல் 5 பங்கு, மூலதனத்துக்கு 4, திறமைக்கு 3 என்று கணக்கும் போட்டு வைத்திருந்தார். கொதேன் உடனே ஃபூரியேவின் சீடர்களோடு தொடர்பு கொண்டார். கனவைப் பிடித்துக்கொண்டார், ஆனால் அந்த 5, 4, 3 கணக்கைப் பிற்காலத்தில் ஒதுக்கிவிட்டார். ஏன் என்று கீழே சொல்கிறேன்.

1846இல் உவாஸ் ஆற்றங்கரையில் இருக்கும் குயீஸ் என்ற சிறு நகரத்துக்குப் பட்டறையை மாற்றினார். 1848 புரட்சிக்குப் பிறகு போலீஸ் அவர் வீட்டைச் சோதனை போட்டது. 1851 டிசம்பரில் லூயி நெப்போலியன் (பிறகு மூன்றாம் நெப்போலியன் என்ற பெயரில் பேரரசரானவர்) ஆட்சியைக் கைப்பற்றியதும் குடியரசுவாதிகளும் சோஷலிஸ்டுகளும் நாடு கடத்தப்பட்டார்கள். தனக்கும் அந்த நிலை வரலாம் என்று எதிர்பார்த்தோ என்னவோ, 1853இல் பெல்ஜியத்தில் பிரஸ்ஸல்ஸ் அருகே இரண்டாவது ஆலையைத் தொடங்கினார்.

அதே காலத்தில்தான் பெரிய அடி ஒன்றும் விழுந்தது. ஃபூரியே சீடர்களின் தலைவர் விக்தோர் கோன்சிதெரான் அமெரிக்காவில் டெக்ஸாஸ் மாநிலத்தில் ஒரு கூட்டுக் குடியிருப்பை அமைக்கக் கிளம்பினார். கொதேன் தன் சொத்தில் மூன்றில் ஒரு பங்கை, 1,00,000 பிராங்கை, அதில் போட்டார். 1855இல் இன்றைய டல்லாஸ் அருகே "லா ரெயூனியோன்" என்ற பெயரில் குடியிருப்பு உருவானது. போனவர்களில் விவசாயம் தெரிந்தவர்கள் குறைவு. மண் ஒத்துவரவில்லை, வறட்சி, கடுங்குளிர், உள்ளுக்குள்ளேயே சண்டை. சில வருஷங்களில் எல்லாம் கலைந்தது. டல்லாஸில் இன்று நிற்கும் ரீயூனியன் கோபுரத்தின் பெயரில் மட்டும் அது மிச்சமிருக்கிறது.

போட்ட பணம் போனது. இன்னொருவர் என்றால் "சோஷலிசமும் வேண்டாம், ஒன்றும் வேண்டாம்" என்று அடுப்பு விற்கப் போயிருப்பார். கொதேன் எடுத்துக்கொண்ட பாடம் வேறு. கடல் தாண்டிப் போய், அடுத்தவர் தலைமையை நம்பி, தொழிலே இல்லாத வெற்று நிலத்தில் ஆரம்பித்தால் நிற்காது. ஏற்கெனவே லாபம் தரும் ஆலை இருக்கிறது, அதன் பக்கத்திலேயே, தெரிந்த மனிதர்களோடு, நானே செய்கிறேன் என்று முடிவெடுத்தார். இந்த இடத்தில்தான் அவர் மற்ற கனவுக்காரர்களிடமிருந்து பிரிகிறார் என்பது என் எண்ணம்.

1859இல், குயீஸ் ஆலைக்குப் பக்கத்தில், தொழிலாளிகளுக்கான கூட்டுக் குடியிருப்பின் கட்டுமானம் தொடங்கியது. பெயர் ஃபாமிலிஸ்தேர், அவரே இன்னொரு பெயரும் வைத்திருந்தார், "சமூக மாளிகை". முதலில் இடதுபக்கக் கட்டடம், பிறகு 1862இலிருந்து 1865 வரை நடுக்கட்டடம், 1877க்கும் 1879க்கும் இடையில் வலதுபக்கக் கட்டடம். செங்கல்லை அந்த இடத்திலேயே சுட்டார்கள். ஒவ்வொரு கட்டடமும் ஒரு பெரிய முற்றத்தைச் சுற்றி நான்கு பக்கமும் மாடி மாடியாக எழும்பும். முற்றத்துக்கு மேலே முழுக்கக் கண்ணாடிக் கூரை. ஒவ்வொரு மாடியிலும் முற்றத்தைப் பார்த்தபடி நடைபாதை ஓடும், வீடுகளின் வாசல்கள் அதில்தான் திறக்கும். மழையோ பனியோ, பிள்ளைகள் நனையாமல் முற்றத்தில் விளையாடலாம்.

சின்னச் சின்ன விஷயங்களில்தான் அந்த மனிதரின் கவனம் தெரிகிறது. ஜன்னல்களை எடுத்துக்கொள்ளுங்கள். கீழ்த்தளத்து ஜன்னல் உயரமாக இருக்கும், மேலே போகப் போக உயரம் குறையும். பார்க்க அழகுக்காகச் செய்ததுபோல இருக்கும். உண்மையில் கீழ்த்தளத்துக்கு வெளிச்சம் குறைவாக வரும், மேல்மாடிக்கு அதிகம் வரும், ஆகவே எல்லாத் தளத்திலும் ஒரே அளவு வெளிச்சம் கிடைக்கும்படி அந்த அளவுகளை வைத்தார். ஒவ்வொரு மாடியிலும் குடிநீர்க் குழாய், கழிப்பறை, குப்பையைக் கீழே தள்ளிவிடும் துவாரம். முற்றத்துத் தரையில் கம்பித் தட்டிகள் பதித்து, நிலவறையின் குளிர்ந்த காற்று மேலே எழும்பிக் கூரை வழியாக வெளியேற வழி செய்தார். அந்தக் காலத்தில் தொழிலாளிக் குடும்பங்கள் ஈரச் சுவரும் இருட்டறையுமாக வாழ்ந்து காசநோயில் மடிந்தன. காற்று, வெளிச்சம், தண்ணீர் மூன்றும் பணக்காரனுக்கு மட்டும் எதற்கு என்பதுதான் அவர் கேட்டது.

"செல்வத்துக்கு ஈடானவை" என்று ஒரு சொற்றொடரை அவர் அடிக்கடி பயன்படுத்துவார். ஒரு பணக்காரன் வீட்டில் தோட்டம் இருக்கும், தாதி இருப்பாள், ஆசிரியர் வருவார், நாடகம் பார்க்கப் போவான். ஒரு தொழிலாளியால் இவற்றில் ஒன்றைக்கூடத் தனியாக வாங்க முடியாது. நூற்றுக்கணக்கான குடும்பங்கள் சேர்ந்தால் எல்லாவற்றுக்கும் ஈடானதைப் பெற முடியும். பூங்கா, மருந்தகம், வெளியே இருப்பதைவிட நியாயமான விலையில் கடைகள், 1869இல் ஒரு நாடக அரங்கு, அதன் இரு பக்கமும் பள்ளிகள். 1870இல் துவைக்கும் இடமும் நீச்சல் குளமும். துணி துவைப்பதை வீட்டுக்குள் வைத்தால் வீடு ஈரமாகும் என்று தனியே கொண்டுபோனார். நீச்சல் குளத்தின் அடியில் மரத்தால் ஆன மேடை ஒன்று, அதை ஏற்றலாம், இறக்கலாம். சிறு பிள்ளைகள் வரும்போது மேலே ஏற்றிவிடுவார்கள், தண்ணீர் இடுப்பளவுதான் இருக்கும். ஆலையிலிருந்து வரும் சூட்டுத் தண்ணீர்தான் குளத்தில். உவாஸ் ஆறு பக்கத்திலேயே ஓடுகிறது, பிள்ளைகளுக்கு நீச்சல் தெரிந்திருக்க வேண்டும் என்பது அவர் கவலை.

குழந்தைகள் காப்பகத்தில் இன்னும் நெருங்கிப் பார்க்கலாம். கைக்குழந்தைகளின் தொட்டிலில் மெத்தைக்குப் பதில் தவிட்டைக் கொட்டி, மேலே துணி விரித்திருப்பார்கள். குழந்தை நனைத்தால் ஈரத்தைத் தவிடு இழுத்துக் கட்டியாகிவிடும். அந்தக் கட்டியை மட்டும் எடுத்துப் போட்டுவிட்டுப் புதுத் தவிடு போட்டால் போதும். குழந்தை ஈரத்திலேயே கிடக்காது, நாற்றமும் இருக்காது. ஒரு தொழிலதிபர் தவிட்டைப் பற்றி இவ்வளவு யோசித்தார் என்பது எனக்கு அவர்மீது மதிப்பை ஏற்படுத்திய முதல் விஷயம்.

காப்பகத்தையும் பள்ளிகளையும் கட்டி வளர்த்ததில் மாரி மொரேவுக்குப் பெரிய பங்கு உண்டு. கொதேனோடு இளமையில் ஊர் சுற்றிய உறவுக்காரரின் மகள் அவர், 1840இல் பிறந்தவர். மனைவி எஸ்தெர் 1863இல் கொதேனைவிட்டுப் பிரிந்தார். அதற்குப் பிறகு மாரிதான் வாழ்க்கைத் துணை, வேலையிலும் துணை. எஸ்தெர் இறந்த பின் 1886இல்தான் இருவரும் முறைப்படி திருமணம் செய்துகொண்டார்கள். பள்ளிகள் இலவசம், மதச்சார்பற்றவை, ஆண் பிள்ளைகளும் பெண் பிள்ளைகளும் ஒன்றாக உட்கார்ந்து படித்தார்கள். பிள்ளைகளை அனுப்பியே ஆக வேண்டும். பிரான்ஸ் முழுவதற்கும் இலவச, கட்டாய, மதச்சார்பற்ற கல்விச் சட்டங்கள் வந்தது 1881, 1882இல். குயீஸில் அதற்கு முன்பே நடந்துகொண்டிருந்தது. குடியிருப்புக்குள் நடந்த தேர்தல்களில் பெண்களும் வாக்களித்தார்கள். பிரெஞ்சுப் பெண்கள் நாட்டுத் தேர்தலில் முதன்முதலாக வாக்களித்தது 1945இல் என்பதைப் பக்கத்தில் வைத்துப் பார்த்தால் இதன் அளவு தெரியும்.

"முதலாளிகள் தொழிலாளிகளுக்கு வீடும் பள்ளியும் கட்டிக்கொடுப்பது அன்றைக்குப் பலரும் செய்ததுதானே?" என்று கேட்கலாம். நல்ல கேள்வி. அதே காலத்தில் பிரான்சில் லெ க்ரூசோ என்ற ஊரில் ஒய்ஜேன் ஷ்னைடர் என்ற முதலாளி இருந்தார். பெரிய இரும்பாலை, நீராவி எஞ்சின்கள், நெப்போலியன் ஆட்சியில் சட்டமன்றத் தலைவர் பதவி வரை போனவர். அவரும் பள்ளி, வீடு, மருத்துவ உதவி எல்லாம் கொடுத்தார். ஆனால் 1870 ஜனவரியில் அங்கே பெரிய வேலைநிறுத்தம் வெடித்தது. காரணம் என்ன தெரியுமா? தங்கள் கூலியில் பிடித்துச் சேர்த்த நலநிதியைத் தாங்களே நிர்வகிக்க வேண்டும் என்று தொழிலாளிகள் கேட்டார்கள். ராணுவம் வந்து நின்றது. குயீஸில் நலநிதிகளைத் தொழிலாளிகளே தேர்ந்தெடுத்த குழுக்கள் நிர்வகித்தன. ஷ்னைடர் தகப்பன் ஸ்தானத்தில் இருந்து கவனித்துக்கொண்டார், சாவியைத் தன் இடுப்பிலேயே வைத்துக்கொண்டார். கொதேன் சாவியை எப்படிக் கைமாற்றுவது என்று பார்த்துக்கொண்டிருந்தார். அவர் குடும்பமும் அந்தக் கட்டடத்திலேயே ஒரு வீட்டில்தான் இருந்தது, ஊருக்கு வெளியே தனி மாளிகை எதுவும் கட்டிக்கொள்ளவில்லை.

அரசியலைச் சுருக்கமாகச் சொல்லிவிடலாம், ஏனென்றால் அது அவர் பெரிதாகச் சாதித்த இடம் அல்ல. 1870இல் பிரஷ்யப் போரில் நெப்போலியன் ஆட்சி கவிழ்ந்தது. அந்த நெருக்கடிக் காலத்தில் குயீஸ் நகர நிர்வாகப் பொறுப்பு அவர் கைக்கு வந்தது. 1871 பிப்ரவரியில் எய்ன் மாவட்டத்திலிருந்து தேசியப் பேரவைக்குத் தேர்வானார். குடியரசுவாதியாக இடதுசாரி அணியில் உட்கார்ந்தார். பேரவையில் முடியாட்சிவாதிகள்தான் பெரும்பான்மை. அடுத்த சில மாதங்களில் பாரிஸ் கம்யூன் (பாரிஸ் நகர மக்கள் எழுந்து அமைத்த புரட்சி அரசு) ரத்தத்தில் அடக்கப்பட்டதை அவர் உறுப்பினராக இருந்தே பார்க்க நேர்ந்தது. அவர் பெரிய மேடைப் பேச்சாளர் அல்ல. தன் ஆலையில் நடத்திக் காட்டியதைச் சட்டமாக்கச் செவி கொடுப்பவர்கள் அங்கே இல்லை. 1876இல் பதவிக்காலம் முடிந்ததும் திரும்பப் போட்டியிடவில்லை. 1871இல் தன் சிந்தனைகளையும் அனுபவத்தையும் விரிவான நூலாக வெளியிட்டிருந்தார், 1878இல் "கடமை" என்று பொருள்படும் பெயரில் ஒரு வாரப் பத்திரிகையும் தொடங்கினார். இறந்தவர்கள் விட்டுப்போகும் வாரிசுச் சொத்தில் அரசுக்கும் ஒரு பங்கு வேண்டும், அதைக் கொண்டு எல்லாருக்கும் பாதுகாப்புத் தர வேண்டும், நாடுகள் தங்கள் சண்டைகளை நடுவர் மன்றத்தில் தீர்த்துக்கொள்ள வேண்டும் என்றெல்லாம் அதில் எழுதினார். ஆவியுலக நம்பிக்கையும் அவருக்கு ஆழமாக இருந்தது, இறந்தவர்களின் ஆன்மா தொடர்ந்து முன்னேறுகிறது என்று நம்பினார். அதை மறைத்துவிட்டு அவரை வெறும் கணக்குப் போடுபவராகக் காட்டுவது சரியாகாது.

இப்போது அந்தக் கணக்குக்கு வருவோம்.

1870களில் அவர் பலவிதமாகச் சோதித்துப் பார்த்தார். யாருக்கு ஊக்கத்தொகை தரலாம் என்பதைத் தொழிலாளிகளே வாக்களித்து முடிவு செய்யட்டும் என்று விட்டுப் பார்த்தார், நினைத்தபடி அமையவில்லை. ஃபூரியே சொன்னதுபோல அவரவர் விருப்பப்படி சேரும் குழுக்களை அமைக்க முயன்றார், அதில் சேர ஆர்வம் குறைவாகவே இருந்தது. மனைவியோடு சொத்துப் பிரிவினை வழக்கு வேறு ஆண்டுக்கணக்கில் இழுத்தது. அது முடியாமல் ஆலையைப் பற்றி எந்த ஒப்பந்தமும் போட முடியாது. அது 1877இல் தீர்ந்தது. 1880 ஆகஸ்ட் 13ஆம் தேதி, "மூலதனம், உழைப்பு ஆகியவற்றின் கூட்டுறவுச் சங்கம்" சட்டப்படி உருவானது.

ஆலை, கட்டடங்கள் எல்லாவற்றையும் சேர்த்து மூலதனம் 46 லட்சம் பிராங்க் என்று மதிப்பிட்டார்கள். அது முழுக்க கொதேனுடையது. லாபத்தை எப்படிப் பிரிப்பது? ஃபூரியே 12இல் இத்தனை பங்கு என்று தானாக ஒரு விகிதத்தைச் சொல்லிவிட்டார். ஏன் 5, ஏன் 4 என்று கேட்டால் பதில் இல்லை. கொதேன் கண்டுபிடித்த வழி எளிமையானது. உழைப்பு ஒரு வருஷத்தில் ஆலைக்குக் கொடுத்த சேவைக்குச் சந்தை தரும் விலை கூலி. மூலதனம் ஒரு வருஷத்தில் கொடுத்த சேவைக்குச் சந்தை தரும் விலை வட்டி. ஆகவே லாபத்தில் பங்கு போடும்போது உழைப்பு தன் கூலித்தொகையோடு நிற்கட்டும், மூலதனம் தன் வட்டித்தொகையோடு மட்டும் நிற்கட்டும்.

ஓர் உதாரணம் சொல்கிறேன், எண்கள் புரிவதற்காக நான் போட்டவை. ஒரு தொழிலாளியின் வருஷக் கூலி 1,000 பிராங்க். இன்னொருவர் ஆலையில் 20,000 பிராங்க் முதல் போட்டிருக்கிறார், 5 சதவீதத்தில் அவருக்கு வருஷ வட்டி 1,000 பிராங்க். வழக்கமான கம்பெனியில் லாபம் முழுக்க அந்த 20,000 போட்டவருக்குப் போகும், தொழிலாளிக்குக் கூலியோடு சரி. கொதேனின் கணக்கில் இருவரும் 1,000, 1,000 என்று சமமாக நிற்கிறார்கள், லாபத்தில் இருவருக்கும் ஒரே பங்கு. 46 லட்சத்துக்கு 5 சதவீதம் வட்டி 2,30,000 பிராங்க். ஆலையின் மொத்தக் கூலி அதைவிடப் பல மடங்கு. அதனால் பிரிக்கும் லாபத்தில் பெரும்பகுதி உழைப்பின் பக்கம் சாய்ந்துவிடும். ஒரு வார்த்தை கோபமாகப் பேசாமல், புரட்சி எதுவும் இல்லாமல், கணக்குப் புத்தகத்திலேயே அதிகாரம் இடம் மாறுகிறது. நிர்வாகம், கல்வி, காப்பீடு, இருப்பு நிதி ஆகியவற்றுக்கு ஒதுக்கியது போக மிச்சம்தான் இப்படிப் பிரியும்.

அடுத்த படி இன்னும் முக்கியம். உழைப்புக்குச் சேர்ந்த லாபத்தைக் காசாகக் கையில் கொடுக்க மாட்டார்கள். பங்குச் சான்றிதழாகக் கொடுப்பார்கள். அந்தக் காசு கொதேனுக்குப் போகும், அவருடைய பங்கு அந்த அளவுக்குத் தொழிலாளிகள் பெயருக்கு மாறும். ஒவ்வொரு வருஷமும் இப்படி. கொதேனுக்குச் சேர வேண்டியது சேரும், ஆலை மெல்லக் கைமாறும். 1894இல் மூலதனம் முழுவதும் உழைப்பவர்கள் கைக்கு வந்துவிட்டது. அதற்குப் பிறகு புதுச் சான்றிதழ் கொடுக்கும்போது ஆகப் பழைய சான்றிதழ்களுக்குப் பணம் கொடுத்துத் திரும்ப வாங்கிக்கொள்வார்கள். இதனால் பங்கு ஓய்வு பெற்றவர்களின் வாரிசுகளிடமோ வெளியாட்களிடமோ தேங்காமல், அன்றன்றைக்கு அங்கே வேலை செய்பவர்களிடமே சுற்றிக்கொண்டிருக்கும். எனக்குத் தெரிந்து இதைவிடத் தெளிவாக இந்தச் சிக்கலை அந்த நூற்றாண்டில் யாரும் தீர்க்கவில்லை.

1888 ஜனவரி 15ஆம் தேதி கொதேன் இறந்தார். அவருடைய ஒரே மகன் எமில் அதற்குச் சில நாட்கள் முன்புதான் இறந்திருந்தார். சட்டம் வாரிசுக்கு ஒதுக்கச் சொன்னது போக மீதியை உயிலில் சங்கத்துக்கே விட்டார். தானம் என்று சொல்வதானால் அவர் கொடுத்ததில் இதை மட்டும் சொல்லலாம். அப்போது பிரான்சிலும் பெல்ஜியத்திலும் சேர்த்து ஏறத்தாழ 1,500 பேர் அவர் ஆலைகளில் வேலை செய்தார்கள். குயீஸ் குடியிருப்பில் சுமார் 1,700 பேர் வாழ்ந்தார்கள்.

குறை இல்லையா என்றால், இருக்கிறது, அதையும் சொல்ல வேண்டும். முற்றத்தைச் சுற்றி எல்லா வாசலும் எல்லாருக்கும் தெரியும். யார் எப்போது வந்தார், யார் குடித்துவிட்டு வந்தார் என்பதற்கு ஒளிவு மறைவே கிடையாது. விதி மீறியவர்களின் பெயரை எல்லாரும் பார்க்கும்படி ஒட்டுவார்கள். கொதேன் இதை ஒழுக்கத்துக்கு நல்லது என்று நினைத்தார். எனக்கு அதை நினைத்தால் கொஞ்சம் மூச்சு முட்டுகிறது. குயீஸ் நகரத்துக் கடைக்காரர்களும் பாதிரியார்களும் அந்தக் கட்டடத்தை வெறுத்தார்கள், "செங்கல் குவியல்" என்று கேலி பேசினார்கள். அது வெளியிலிருந்து வந்த பகை. உள்ளே இருந்த பிரச்சினை அதைவிட ஆழமானது.

சங்கத்தில் எல்லாரும் ஒரே தரம் அல்ல. மேல்படியில் இருப்பவருக்குக் குறைந்தது 25 வயது ஆகியிருக்க வேண்டும், குடியிருப்பில் 5 வருஷம் வாழ்ந்திருக்க வேண்டும், எழுதப் படிக்கத் தெரிய வேண்டும், 500 பிராங்குக்குப் பங்கு இருக்க வேண்டும், பொதுச்சபை ஏற்றுக்கொள்ள வேண்டும். லாபம் பிரிக்கும்போது அவர் கூலி இரண்டு மடங்காகக் கணக்கில் வரும், அடுத்த படிக்கு ஒன்றரை மடங்கு, அதற்கடுத்த படிக்கு ஒரு மடங்கு. கடைசியில் தற்காலிகத் தொழிலாளிகள். அவர்களுக்கு நேரடிப் பங்கே இல்லை, அவர்கள் பேரில் வருவது காப்பீட்டு நிதிக்குப் போகும். முதல் தலைமுறைக்கு இது உழைத்து ஏறும் ஏணியாக இருந்தது. மேல்படிக் குடும்பங்களின் பிள்ளைகளே வீட்டையும் வேலையையும் பிடித்துக்கொண்ட பிறகு, ஏணி மதிலாகிவிட்டது. மாளிகைக்குள் இருப்பவர்கள், வெளியே இருந்து வேலைக்கு வருபவர்கள் என்று ஆலைக்குள்ளேயே இரண்டு சாதி. மார்க்ஸின் தோழர் எங்கெல்ஸ் 1887இலேயே குயீஸும் கடைசியில் தொழிலாளரைச் சுரண்டும் இடமாகிவிட்டது என்று எழுதினார். சங்கம் தொடங்கி ஏழு வருஷம்கூட ஆகாதபோது சொன்ன அந்தத் தீர்ப்பு அவசரமானது என்றே நினைக்கிறேன். ஆனால் தற்காலிகத் தொழிலாளியின் இடத்தில் நின்று பார்த்தால் அதை முழுக்கத் தள்ளவும் முடியவில்லை.

முதல் உலகப் போரில் ஜெர்மானியப் படை குயீஸைப் பிடித்தது, இடதுபக்கக் கட்டடம் எரிந்து போனது. 1920களில் அதைத் திரும்பக் கட்டினார்கள், இன்று பார்த்தாலும் அந்தப் பக்கத்து முகப்பு மற்றவற்றிலிருந்து வேறுபட்டுத் தெரியும். சங்கம் இரண்டு உலகப் போரையும், இடையில் வந்த பொருளாதார வீழ்ச்சியையும் தாங்கியது. இரண்டாம் போருக்குப் பிறகுதான் சரிவு. வீடுகளுக்கு எண்ணெயிலும் எரிவாயுவிலும் மின்சாரத்திலும் ஓடும் மையச் சூடேற்றம் வந்தது, வார்ப்பிரும்பு அடுப்பின் சந்தை சுருங்கியது. புதுப் பொருளைக் கண்டுபிடிக்கத் துணிந்த இன்னொரு கொதேன் உள்ளே இல்லை. 1968இல், 88 வருஷத்துக்குப் பிறகு, கூட்டுறவுச் சங்கம் கலைக்கப்பட்டுச் சாதாரணக் கம்பெனியாக மாறியது. 1970இல் லெ க்ரூசே என்ற வார்ப்பிரும்புப் பாத்திர நிறுவனத்தின் கைக்குப் போனது, பிறகு வேறு கைக்கும் மாறியது. குடியிருப்பின் வீடுகளைத் தனித்தனியாக விற்றார்கள்.

கட்டடம் 1991இல் பாதுகாக்கப்பட்ட நினைவுச்சின்னம் ஆனது. 2000க்குப் பிறகு சீரமைத்து அருங்காட்சியகமாகத் திறந்திருக்கிறார்கள். கண்ணாடிக் கூரை, நீச்சல் குளத்தின் மர மேடை எல்லாம் பார்க்கலாம், சில வீடுகளில் இன்னும் குடும்பங்கள் வாழ்கின்றன. பூங்காவில் கொதேனின் சமாதி இருக்கிறது. பக்கத்திலேயே ஆலையில் இன்றும் "சின்ன கொதேன்" என்ற உருண்டை அடுப்பை வார்த்து எனாமல் பூசி விற்கிறார்கள். அதை வார்ப்பவர்கள் இப்போது மாதச் சம்பளக்காரர்கள்.